ஒரே பெயரில் இரண்டு ஊர்

கிளிநொச்சியில் ஓர் ஆடைத் தொழிற்சாலையில் நான் நான்கு வருடம் தையல் வேலை செய்தேன். அந்த நான்கு வருடத்தில் தைத்த உடுப்புகளில் ஒன்றுகூட இப்போது நினைவில் இல்லை. ஆனால் அந்தக் காலத்தில் நானும் ஒரு சிநேகிதியும் கைபேசி விளையாட்டுக்குள் கட்டிய ஊரில், கடற்கரையில் இருந்து என் வீட்டு வாசலுக்குப் போக எத்தனை படி ஏறவேண்டும் என்று இன்றைக்குக் கேட்டாலும் சொல்வேன். பதினேழு.

தொழிற்சாலையின் பஸ் விடியற்காலையில் தர்மபுரத்தில் இருந்து வெளிக்கிடும். அவள் அங்கேயே ஏறிவிடுவாள். நான் முரசுமோட்டையில் நிற்பேன். தை மாதத்தில் வயல் முழுவதும் பனி மூடிக் கிடக்கும். முதலில் பஸ்ஸின் சத்தம் மட்டும் வரும். பிறகு பனிக்குள் மஞ்சளாக இரண்டு பொட்டுகள் தெரியும். உள்ளே ஏறினால் இருபது முப்பது பெண்கள் அரைத் தூக்கத்தில், தலைகள் எல்லாம் ஒரே பக்கம் சாய்ந்தபடி இருப்பார்கள். இடது பக்கம் மூன்றாவது சீற்றில், யன்னலோரம் அவள். பக்கத்து இடத்தில் வேறு யாரும் இருந்துவிடாமல் தன் சாப்பாட்டுப் பையை எனக்காக வைத்திருப்பாள்.

அந்தப் பழக்கம் தொடங்கியது வேலைக்குச் சேர்ந்த இரண்டாவது கிழமையில். கிளிநொச்சி நகரக் கடை ஒன்றில் நான் வாங்கிய பாவித்த கைபேசியில், முன்னர் யாரோ போட்டு வைத்த விளையாட்டு ஒன்று இருந்தது. புல்லும் மண்ணுமாக ஒரு சதுரக் கட்டிதான் அதன் படம். நான் அதைத் திறந்ததே இல்லை. பக்கத்தில் இருந்தவள் எட்டிப் பார்த்தாள்.

"உனக்கு இது விளையாடத் தெரியாதோ?"

"தெரியாது."

"தா."

அவள் திறந்தபோது அதற்குள்ளும் விடிந்துகொண்டிருந்தது. சதுரமான சூரியன் ஒன்று சதுரமான கடலுக்கு மேல் மெல்ல எழும்பியது. மரங்கள், ஆடுகள், தூரத்தில் ஒரு மலை, எல்லாமே கட்டிகளால் ஆனவை. மரத்தை வெட்டினால் பலகை கிடைக்கும். மண்ணைத் தோண்டினால் கல் வரும். கிடைத்ததை ஒன்றின் மேல் ஒன்றாக வைத்து என்னவும் கட்டலாம். இருட்டினால் பேய் பிசாசுகள் வரும் என்பதால் வீடும் விளக்கும் வேண்டும். மற்றபடி வெல்லவும் தோற்கவும் அதில் ஒன்றும் கிடையாது.

"இது எங்க போய் முடியும்?" என்று கேட்டேன்.

"முடியாது. நடக்க நடக்க நிலம் வந்துகொண்டேயிருக்கும்," என்றாள்.

பரந்தன் சந்தி தாண்டி பஸ் திரும்பும்போது நாங்கள் ஒரு குன்றில் நாலு சுவர் எழுப்பி முடித்திருந்தோம். தொழிற்சாலை வாசலில் கைபேசிகளை லொக்கருக்குள் வைத்துப் பூட்டவேண்டும். அன்று முழுக்க மெசினில் இருந்தபடி, கூரை போடாமல் விட்டு வந்த அந்தச் சுவர்களைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். மழை பெய்தால் என்ன ஆகும் என்றுகூட யோசித்தேன்.

பின்னேரம் பஸ் ஏறியதும் அவள், "அந்த ஊரை எனக்கும் அனுப்பு," என்றாள்.

அவளுடைய கைபேசியிலும் அதே விளையாட்டு இருந்தது. நாங்கள் கட்டிய உலகம் முழுவதையும் ஒரு கோப்பாக்கி, இன்டர்நெட் இல்லாமலே ஒரு கைபேசியில் இருந்து மற்றதுக்கு அனுப்பலாம் என்று அவள்தான் காட்டித் தந்தாள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் பிடித்துக்கொண்டிருக்க, திரையில் நீலக் கோடு ஒன்று மெதுவாக நீண்டது. எனக்குப் பயமாக இருந்தது.

"உன்னட்ட வந்தா என்னட்ட இல்லாமல் போயிடுமோ?"

அவள் சிரித்தாள். "போட்டோ அனுப்பினா உன்னட்ட இல்லாமல் போகுதோ? ரெண்டு பேரிட்டயும் இருக்கும்."

அதுதான் பிரச்சினையாகவும் வந்தது. அன்று இரவு நான் என் வீட்டில் இருந்து கூரை போட்டேன். அவள் தன் வீட்டில் இருந்து அதே சுவர்களுக்கு வேறு கூரை போட்டாள். காலையில் பார்த்தால் இரண்டு ஊர். அவற்றை ஒன்றாகச் சேர்க்க வழியே இல்லை. ஹொட்ஸ்பொட் போட்டு இருவரும் ஒரே நேரத்தில் உள்ளே போகலாம் என்று யாரோ சொல்ல, அதையும் செய்து பார்த்தோம். அவளுடைய பழைய கைபேசி ஒவ்வொரு அடிக்கும் நின்று நின்று மூச்சு வாங்கியது.

கடைசியில் ஓர் ஒழுங்கு வைத்தோம். ஒரு நாள் ஊர் என்னிடம், மறுநாள் அவளிடம். யாரிடம் இருக்கிறதோ அவள்தான் விளையாடலாம். அனுப்பியவள் தன்னிடம் உள்ள பழைய பிரதியைத் திறக்கக்கூடாது. புதியது திரும்பி வந்து சேர்ந்ததும் பழையதை அழித்துவிட வேண்டும். விளையாட்டு ஊருக்கு ஒரு பெயர் கேட்டது. அவள் 'பஸ்' என்று வைத்தாள்.

அந்த நாட்களை நினைத்தால் இப்போதும் நித்திரைக்குள் நடப்பது போலத்தான் இருக்கிறது. ஒரு நாள் விட்டு ஒரு நாள் விடியற்காலையில் என் கைக்கு ஓர் ஊர் வரும். நான் பார்த்து விட்ட அதே ஊர்தான், ஆனால் நான் இல்லாத நேரத்தில் அதற்குள் ஒருத்தி இருந்துவிட்டுப் போயிருப்பாள். வாசலில் மஞ்சள் பூக்கள் நட்டிருக்கும். மலை உச்சியில் காரணமே இல்லாமல் ஒரு விளக்கு எரியும். பெட்டியைத் திறந்தால் அவள் பிடித்து வைத்த மீன் இரண்டு இருக்கும், பக்கத்தில் ஒரு பலகை. அதில் தமிழ் எழுத்து வராது, கட்டம் கட்டமாக உடைந்துபோகும். ஆகவே ஆங்கில எழுத்தில் 'சாப்பிடு' என்று எழுதியிருப்பாள். நான் அந்த மீனைச் சாப்பிட்டுவிட்டு அவளுக்காக ஒரு பாண் வைப்பேன். யன்னலுக்கு வெளியே உண்மையான வயலில் கொக்குகள் நிற்கும். நிமிர்ந்து பார்த்தால் எது எந்தப் பக்கம் என்று ஒரு கணம் பிடிபடாது.

காலையில் ஏறியதும் நாங்கள் ஒருவரை ஒருவர் சுகம் கேட்பதில்லை. "ஊரை அனுப்பு," என்பதுதான் முதல் கதை.

அவளைப் பற்றி மற்றதெல்லாம் பிறகுதான் தெரியவந்தது. அவளுடைய ஆட்கள் மலையகத் தோட்டங்களில் இருந்து வந்து தர்மபுரத்தில் குடியேறியவர்கள். எங்கள் ஆட்கள் அதற்கும் முன்னர் யாழ்ப்பாணத்தில் இருந்து குளத்துத் தண்ணீரை நம்பி வயல் செய்ய வந்தவர்கள். பஸ்ஸுக்குள் இதெல்லாம் ஒரு கதையே இல்லை. எங்கள் வீட்டில் கதை. அவள் ஒருமுறை என்னோடு வீட்டுக்கு வந்தபோது அம்மா நல்ல முகத்தோடுதான் கதைத்தா, தேத்தண்ணி போட்டுக் கொடுத்தா. அவள் போன பிறகு அந்தக் கோப்பையை மட்டும் தனியாகக் கழுவி, குசினி யன்னலில் புறம்பாகக் கவிழ்த்து வைத்தா. நான் பார்த்தேன். ஒன்றும் சொல்லவில்லை.

கைபேசி ஊரில் எனக்கு ஒரு வீடும் அவளுக்கு ஒரு வீடும் இருந்தன. ஒருநாள் ஊர் என்னிடம் வந்தபோது, கடற்கரையை ஒட்டி ஒரே கூரையின் கீழ் நீளமாக ஏதோ கட்டியிருந்தாள். பன்னிரண்டு கதவுகள்.

"என்ன இது, பள்ளிக்கூடமோ?"

"இல்லை, வீடு. ஒராளுக்கு ஒரு கதவு." விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டினாள். "இது பின் சீற் அக்காவுக்கு. இது பஸ் ஏறினாலே சத்தி எடுக்கிற பிள்ளைக்கு. இது ட்ரைவர் அண்ணைக்கு, வாசலில பஸ் விடுறதுக்கு இடமும் விட்டிருக்கிறன்."

"அவையள் ஆரும் விளையாடுறேல்லையே."

"அதுக்கென்ன? வந்தா இருக்க இடம் வேணும்தானே."

எனக்கு அது வடிவாகத் தெரியவில்லை. என் வீட்டு வாசலில் நின்றால் முன்பு கடல் தெரியும். இப்போது அந்த நீளக் கூரை மறைத்தது. அவளிடம் சொல்லவில்லை.

பிறகு நோய்க் காலம் வந்தது. ஒரு காலையில் வழக்கம்போல அவளிடம் ஊரை அனுப்பினேன். மறுநாள் ஊரடங்கு. பஸ் வரவில்லை. அதற்கு அடுத்த நாளும் வரவில்லை. பிறகு கிழமைக்கணக்காக வரவேயில்லை. தர்மபுரம் எங்கள் வீட்டில் இருந்து அதிக தூரம் இல்லை. ஆனால் அப்போது அது போகமுடியாத நாடு மாதிரி ஆகிவிட்டது.

முதல் கிழமை நான் என்னிடம் இருந்த பழைய பிரதியைத் திறக்கவில்லை. இரண்டாவது கிழமை, பார்க்க மட்டும் என்று திறந்தேன். வேப்ப மரத்தின் கீழே கட்டிலைப் போட்டுக்கொண்டு, மத்தியான வெக்கையில் படுத்தபடி உள்ளே போனேன். அங்கே மழை பெய்துகொண்டிருந்தது. எல்லாக் கதவுகளும் சாத்தியிருந்தன. கடற்கரையில் நின்று மழை கடலில் விழுவதைப் பார்த்தேன். வெளியே அறுவடை முடிந்த வயலில் மயில் அகவியது. எவ்வளவு நேரம் அப்படி நின்றேன் என்று தெரியாது. அம்மா கூப்பிட்டபோது கட்டிலின் பாதி வெயிலுக்குள் போயிருந்தது.

அவள் இரண்டு நாளுக்கு ஒருமுறை போன் எடுப்பாள்.

"ஊர் எப்பிடி இருக்கு?" என்று நான் கேட்பேன்.

"பாலம் ஒண்டு கட்டுறன். முன்னால தெரியிற தீவு இருக்கெல்லோ, அதுக்கு. நடுவில இருக்கிறதுக்கு ஒரு வாங்கும் போட்டிருக்கிறன்."

"அதில இருந்து பார்த்தா என்ர வீடு தெரியுமோ?"

"தெரியும். உன்ர வாசல் விளக்குத் தெரியுது." பிறகு கேட்டாள்: "உனக்கு விளையாடாமல் இருக்க ஏலுதோ?"

"ஓம், எனக்கு இஞ்ச வேலை கிடக்குது," என்றேன்.

போனை வைத்த பிறகு என் பிரதிக்குள் போய், பாலம் தொடங்கும் இடத்தில் நின்று பார்த்தேன். வெறும் தண்ணீர். ஆனால் அவள் சொல்லிச் சொல்லி அந்தப் பாலம் எனக்கு வந்துவிட்டது. மத்தியான நித்திரையில் அதில் நடந்திருக்கிறேன். கால் வைக்கும்போது பலகை கொஞ்சம் அசையும்.

மெல்ல மெல்ல நான் கட்டவும் தொடங்கினேன். எங்கள் வீடு இருக்கும் ஒழுங்கையில் மாடி வீடு கிடையாது. எனக்குச் சின்ன வயதில் இருந்தே மாடியில் நின்று வயலைப் பார்க்கவேண்டும் என்று ஆசை. என் வீட்டுக்கு மேல் மாடி எழுப்பினேன், கண்ணாடி வைத்தேன். ஆனால் மேலே ஏறி நின்றாலும் கண்ணுக்கு முன்னால் முதலில் தெரிந்தது அந்த நீளக் கூரைதான். பலகையும் போதாமல் இருந்தது. காடு தூரம். ஒரு மத்தியானம் கோடரியை எடுத்துக்கொண்டு கீழே இறங்கி, ஒரு கோடிக் கதவில் இருந்து தொடங்கினேன். பன்னிரண்டையும் இடிக்க அரை மணித்தியாலம் ஆனது. அந்தப் பலகையில் மாடிக்குத் தரை போட்டேன். கடல் நன்றாகத் தெரிந்தது. அவளுடைய பிரதியில் எல்லாம் அப்படியே இருக்கும்தானே, இதில் என்ன வந்துவிடப்போகிறது என்று நினைத்தேன்.

பஸ் திரும்ப ஓடத் தொடங்கியபோது எல்லோர் முகத்திலும் மாஸ்க். சீற்றுக்கு ஒருவர்தான் இருக்கலாம் என்றார்கள். அவள் எனக்கு முன் சீற்றில் இருந்தபடி கையைப் பின்னால் நீட்டி ஊரைத் தந்தாள். கண்கள் சிரித்தன. நீலக் கோடு நீண்டு முடிந்ததும் என் திரையில் 'பஸ்' என்று இரண்டு வரிகள் வந்தன. ஒழுங்கின்படி பழையதை நான் அழித்திருக்க வேண்டும். என் மாடி அதில்தான் இருந்தது. விரலை வைத்துக்கொண்டு பரந்தன் வரை யோசித்தேன். அழிக்கவில்லை.

சில கிழமைகள் இரண்டு ஊரிலும் இருந்தேன். அவளுடைய பாலத்தில் நடப்பேன். போன் வழியாகக் கேட்டதைவிட அது நீளமாக இருந்தது, வாங்கு வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தது. பிறகு மற்றதுக்குள் போய் மாடியில் நிற்பேன். எந்த ஊரில் எதை வைத்தேன் என்று குழம்பி, இல்லாத பெட்டிகளைத் தேடியிருக்கிறேன்.

ஒரே சீற்றில் இரண்டு பேர் இருக்கலாம் என்று திரும்பவும் சொன்ன பிறகு, ஒரு பின்னேரம் அவளுடைய கைபேசியில் சார்ஜ் இல்லாமல் போனது. பின் சீற்றில் இருக்கும் அக்கா ஒருத்தி எட்டிப் பார்த்து, என்ன இது, தினமும் இரண்டு பேரும் தலையைக் குனிந்துகொண்டு, என்று கேட்டா.

"பொறுங்கோ அக்கா, உங்களுக்கும் இதில வீடு இருக்கு, காட்டுறன்," என்று என்னுடையதை வாங்கினாள்.

'பஸ்' என்ற இரண்டு வரியில் மேலே இருந்ததை, என்னுடைய பிரதியைத் தொட்டாள். நான் கையை நீட்டியிருக்கலாம். ஏதாவது சொல்லியிருக்கலாம்.

"இந்தப் படியால இறங்கி இப்பிடிப் போனா," என்று சொல்லிக்கொண்டே நடந்தாள். நின்றாள். வழி தவறிவிட்டது என்று நினைத்துத் திரும்பினாள். மறுபடியும் கடற்கரைக்கு வந்து, கதவுகள் இருந்த இடத்தில் வெறும் மணலைப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்து, மேலே அந்தப் பலகைத் தரையைப் பார்த்தாள்.

"எங்கட ஆக்கள் எங்க?" என்றாள். யாரிடம் கேட்டாள் என்று தெரியவில்லை.

"ஏதும் பிழையா அமத்திப்போட்டியோ பிள்ளை?" என்றா அக்கா.

"இல்லை அக்கா. இது வேற ஊர்." கைபேசியை என் மடியில் வைத்தாள். "ஏன் இடிச்சனீ?"

"கடல் தெரியேல்லை," என்றேன்.

அவள் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

அடுத்த நாள் காலையிலும் சாப்பாட்டுப் பை என் இடத்தில் இருந்தது. நான் வந்ததும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். ஆனால் ஊரை அனுப்பு என்று சொல்லவில்லை. அதற்கு அடுத்த நாளும் இல்லை. பஸ்ஸின் சத்தம் அவ்வளவு பெரிது என்பதே அந்தக் கிழமைதான் எனக்குத் தெரிந்தது. மெசினில் இருக்கும்போது அம்மா புறம்பாகக் கவிழ்த்து வைத்த கோப்பை நினைவுக்கு வந்தபடி இருந்தது. அதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். சொல்லச் சொல்ல இரண்டும் பக்கத்தில் வந்து நின்றன.

ஞாயிற்றுக்கிழமை தர்மபுரம் போனேன். அவள் எங்கள் வீட்டுக்கு இரண்டு தரம் வந்திருக்கிறாள். நான் அங்கே போவது அதுதான் முதல் தடவை. விசாரித்து விசாரித்துத்தான் வீட்டைக் கண்டுபிடித்தேன். முற்றத்தில் கச்சான் கடலை காயப் போட்டிருந்தார்கள். அவளுடைய அப்பா கதிரை ஒன்றைத் தூக்கி வந்து நிழலில் வைத்தார்.

"வாங்க புள்ள, ஒக்காருங்க. பஸ்ல கூட வார்ற புள்ளயா?"

அவள் உள்ளே இருந்து வந்தாள். வீட்டில் அவள் வேறு மாதிரிக் கதைப்பதை அன்றுதான் கேட்டேன். அப்பாவோடு 'நாம', 'வாங்க', என்னோடு 'நாங்கள்', 'வாங்கோ'. இரண்டுக்கும் நடுவில் ஒரு மூச்சுகூட விடமாட்டாள்.

"நான் என்ர ஊரை அழிக்கப்போறன்," என்றேன். "நீ பார்க்க அழிக்கவேணும் எண்டு வந்தனான்."

"ஏன்?"

"நான் உன்ர ஆக்களின்ர வீட்டை இடிச்சுத்தானே அதைக் கட்டினனான்."

அவள் தன் கைபேசியைத் திறந்தாள், அவளுடைய பிரதியை. அந்த நீளக் கூரை அப்படியே இருந்தது. மாலை வெளிச்சத்தில் பன்னிரண்டு கதவுகளும் சிவந்திருந்தன. அப்பா கண்ணாடியை நெற்றிக்கு மேல் தள்ளிவிட்டுக் குனிந்து பார்த்தார்.

"இது என்னாது, லயமா?"

"இல்லப்பா. பஸ்ல வாரவங்களுக்குக் கட்டினது."

"லயந்தான். நாம இருந்தது இப்புடித்தான் இருந்துச்சு. கோடி காம்பரா நம்மளது." கடைசிக் கதவை நகத்தால் தொட்டார். அது தானாகத் திறந்துகொண்டது. அவர் கையை எடுத்துவிட்டார். "பொதுப் பைப்பு எங்க?"

"உள்ளுக்கே தண்ணி இருக்கு. ஒவ்வொரு வீட்டுக்கும்."

"ஒவ்வொரு வீட்டுக்குமா?" கொஞ்சம் யோசித்தார். "அப்ப சண்டை வராது," என்று சொல்லிவிட்டுக் கச்சானைக் கிளறப் போனார்.

அவள் அவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். தோட்டத்துத் தொழிலாளருக்கு வரிசையாகக் கட்டிய லயம் எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது. அவள் பிறந்தது வன்னியில். அவர் அதைப் பற்றி அதற்கு முன் ஒருநாளும் கதைத்ததில்லை என்று பிறகு சொன்னாள்.

நான் என் கைபேசியில் 'பஸ்' என்ற பெயரில் விரலை அழுத்திப் பிடித்தேன். அழிக்கவா என்று கேட்டது. அவள் என் கையைப் பிடித்தாள்.

"பொறு. உன்ர மாடியைக் காட்டு."

காட்டினேன். உள்ளே போய் ஒவ்வொரு அறையாகப் பார்த்தாள். கண்ணாடி வைத்த மூலையில் நெடுநேரம் நின்றாள்.

"மாடி வடிவாத்தான் இருக்கு," என்றாள். "கடலும் தெரியவேணும், ஆக்களும் இருக்கவேணும். என்ர ஊரில இதைத் திருப்பிக் கட்டுவம். கண்ணாடியைத் தீவுப் பக்கம் வைச்சா கூரை மறைக்காது."

"ரெண்டையும் சேர்க்க ஏலாதே."

"சேர்க்க ஏலாது. பார்த்துப் பார்த்துக் கட்டலாம்."

அப்படித்தான் செய்தோம். அதற்குப் பிறகு வந்த நாட்களில் பஸ்ஸுக்குள் நான் என் ஊரைத் திறந்து வைத்துக்கொண்டு வாசிப்பேன், அவள் தன் ஊரில் கட்டுவாள். "இடப்பக்கம் நாலு பலகை. மேல ரெண்டு. பிறகு கண்ணாடி." அவள் திரும்பச் சொல்வாள், "நாலு, ரெண்டு, கண்ணாடி." பள்ளத்தில் பஸ் குலுங்கினால் கணக்குத் தவறும். பின் சீற் அக்கா எங்கள் முதுகுக்குப் பின்னால் எழுந்து நின்று, "பிள்ளை, மூண்டுதான் வைச்சிருக்கிறாய்," என்பா. சத்தி எடுக்கிற பிள்ளை யன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு, கண்ணை மூடியபடியே எங்கள் எண்களைக் கேட்டுக்கொண்டிருப்பாள். பலகைக்காக அவள் தூரத்துக் காட்டுக்குப் போய் வந்தாள். கதவுகள் ஒன்றிலும் கை வைக்கவில்லை.

மாடி முடிந்த அன்று பின் சீற் அக்கா தன் கைபேசியை நீட்டினா. "என்ர வீட்டை எனக்குத் தாவன்."

வீட்டை மட்டும் தனியே கொடுக்க முடியாது, முழு ஊரும்தான் வரும் என்று சொன்னோம். பரவாயில்லை என்றா. அதன் பிறகு ஒவ்வொருவராகக் கேட்டார்கள். சில நாட்களில் நாலைந்து கைபேசிகளில் ஒரே நேரத்தில் நீலக் கோடு ஓடும். பளையில் இருந்து வேறு பஸ்ஸில் வரும் ஒருத்தி, தனக்குக் கதவு இல்லை என்று தெரிந்தும் தொழிற்சாலை வாசலில் வாங்கிக்கொண்டு போனாள். ஒழுங்கு வைக்க இனி ஏலாது என்று அவளும் நானும் கதைத்துக்கொண்டோம். முறை வைத்து மாற்றுவதையும் மெல்ல விட்டுவிட்டோம். ஆளுக்கு ஓர் ஊர். பின் சீற் அக்கா தன் வாசலில் பூசணி போட்டிருந்தா. பளைக்காரி மலையையே குடைந்து ஒரு பாதை விட்டிருந்தாள். காலையில் கைபேசிகள் சீற்றுக்குச் சீற் மாறும். ஒவ்வொன்றையும் திறந்து நடந்தால் அதே கடல், அதே படி, அதே பன்னிரண்டு கதவு. ஆனால் ஒவ்வொரு ஊரிலும் வேறு வேறு கதவுகள் திறந்திருக்கும், வேறு வேறு விளக்குகள் எரியும். நான் பாதித் தூக்கத்தில் நடந்துபோய், இது யாருடையது என்று தெரியாமலே யாரோ ஒருத்தியின் அறையில் நின்றுவிட்டு வருவேன்.

அவளுக்குக் கல்யாணம் பேசி நெடுங்கேணிக்குப் போனாள். நான் அதற்கு அடுத்த வருடம் வேலையை விட்டேன். இப்போது வீட்டிலேயே தைக்கிறேன். கல்யாணத்துக்கு முன்னர் அவள் எங்கள் வீட்டுக்கு வந்தபோது, தேத்தண்ணியை நான்தான் போட்டேன். அம்மாவும் சேர மூன்று பேரும் குடித்தோம். மூன்று கோப்பைகளையும் நான் ஒன்றாகக் கழுவி ஒன்றாகக் கவிழ்த்தேன். அம்மா பார்த்தா. ஒன்றும் சொல்லவில்லை.

போன வருடம் ஒருநாள் போன் எடுத்தாள்.

"உன்னட்ட எங்கட ஊர் இருக்கோ?"

உடுப்புத் தோய்க்கும்போது பழைய கைபேசி வாளித் தண்ணீருக்குள் விழுந்துவிட்டது என்றாள். புதியது வாங்கிவிட்டார்கள். அதற்குள் ஒன்றும் இல்லை.

"இருக்கு. ஆனா நான் கனக்க மாத்திப்போட்டன்," என்றேன்.

"பரவாயில்லை. கொண்டு வா."

ஊரை வேறு வழியிலும் அனுப்பியிருக்கலாம். நான் அதைச் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. புளியங்குளத்தில் பஸ் மாறி நெடுங்கேணிக்குப் போனேன். அவளுடைய வீட்டுக்குப் பின்னால் உளுந்துத் தோட்டம், அதற்குப் பின்னால் காடு. கணவன் உழவு மெசினோடு வயலுக்குப் போயிருந்தார். சோறும் மரை இறைச்சி வற்றல் குழம்பும் தந்தாள். சாப்பிட்டுவிட்டு அறையில் பாய் விரித்துப் படுத்துக்கொண்டோம். இரண்டு கைபேசிகளையும் யன்னல் விளிம்பில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தோம். ஊர் இப்போது பழையதைவிடப் பெரிது. நீலக் கோடு அசைவதே தெரியவில்லை. காட்டுக்குள் ஏதோ ஒரு குருவி ஒரே சொல்லைச் சொல்லிக்கொண்டிருந்தது. கதைத்துக்கொண்டிருந்தோம் என்றுதான் நினைக்கிறேன். அவள் ஏதோ கேட்டாள். நான் பதில் சொன்னேனா என்று தெரியாது.

கண் விழித்தபோது வெளியே மழை இருட்டு. அவள் சுவரில் சாய்ந்து கைபேசியோடு இருந்தாள். முகத்தில் அந்த வெளிச்சம் பட்டுப் பட்டு மாறியது.

"வந்திட்டுதோ?" என்றேன்.

"எப்பவோ வந்திட்டுது. இஞ்ச ஒரு ஆறு வெட்டியிருக்கிறாய், என்ன? அதோட நடந்து போறன்."

"நேரம் என்ன? நான் மூண்டு மணி பஸ்ஸைப் பிடிக்கவேணும்."

"அது போட்டுது," என்றாள், தலை நிமிராமல். "நான் எழுப்பேல்லை. அடுத்தது நாலரைக்கு. படு."

நான் மறுபடியும் படுத்துக்கொண்டேன்.